பையை எங்கே வைத்தாய்?

கேத்தரினைப் பற்றி எழுத வேண்டுமென்றால் அவள் பிடிவாதத்திலிருந்துதான் ஆரம்பிக்க வேண்டும். படிப்பு, பட்டம் எல்லாம் அப்புறம். எட்டாம் வகுப்பில் என் பக்கத்தில் வந்து உட்கார்ந்தவள். காரணம் சொல்லாமல் முட்டி போடச் சொன்னால் போட மாட்டாள். காரணத்தைச் சொல்லிவிட்டால் போட்டுவிடுவாள், ஆனால் பக்கத்தில் முட்டி போட்டிருப்பவளுக்கும் காரணம் கேட்பாள். அவளோடு சேர்ந்த பாவத்துக்கு நானும் எத்தனையோ நாள் வகுப்புக்கு வெளியே நின்றிருக்கிறேன். அந்த வயிற்றெரிச்சல் எனக்கு இன்னும் தீரவில்லை.

என் பெயர் சமரீன். தர்மபுரியில் பெரிய ரோட்டிலிருந்து உள்ளே தள்ளி ஒரு தனியார் கலைக் கல்லூரி இருக்கிறது. அதன் கேட்டுக்கு எதிரே ஜெராக்ஸ், டைப்பிங், பைண்டிங் செய்கிற கடை என்னுடையது. கல்லூரியின் பெயரை எழுத மாட்டேன். பயம் ஒன்றும் இல்லை. பெயர் போட்டு விளம்பரம் கொடுக்கிற அளவுக்கு அவர்கள் எனக்கு என்ன செய்து கிழித்துவிட்டார்கள்?

கேத்தரின் அந்தக் கல்லூரியில் சமூகவியல் சொல்லிக்கொடுத்தாள். அவள் அப்பா சவுரியப்பன் நல்லம்பள்ளிப் பக்கம் மானாவாரிக் காட்டில் கேழ்வரகும் கொள்ளும் போடுகிறவர். மகள் சமூகவியல் படிக்கப் போகிறேன் என்றதும், "அதுல என்னாம்மா படிப்பாங்க?" என்று கேட்டாராம். "ஜனங்க ஏன் கூடறாங்க, எதுக்குச் சண்ட போடறாங்கன்னு படிப்பாங்கப்பா" என்று இவள் சொல்லியிருக்கிறாள். "அதுக்குக் காரிமங்கலம் சந்தைக்குப் போனாப் போதாதா?" என்று கேட்டுவிட்டு, காலேஜில் சேர்க்கக் கூடவே வந்துவிட்டார். அவள் பிடிவாதம் எங்கிருந்து வந்தது என்று தெரியவில்லை, அந்த மனிதர் பரம சாது.

முனைவர் பட்டத்துக்கு அவள் எடுத்துக்கொண்டது மாணவர் போராட்டம். கல்லூரிப் பிள்ளைகள் எதற்காக ரோட்டில் உட்காருகிறார்கள், யார் முதலில் உட்காருகிறார்கள், யார் கடைசிவரை எழுந்திருப்பதில்லை, மறுநாள் அவர்களுக்கு என்ன ஆகிறது என்றெல்லாம் அலைந்து திரிந்து விசாரித்தாள். சேலத்திலிருந்த அவளுடைய கைடு, தலைப்பில் 'மாணவர் அமைதியின்மை' என்று போடச் சொன்னார். இவள் மாட்டேன் என்றாள். "அவங்க அமைதியாத்தான் சார் உக்காந்திருந்தாங்க. சத்தம் போட்டதெல்லாம் ஜீப்பு" என்று அவர் முகத்துக்கு நேராகவே சொல்லியிருக்கிறாள். அந்த ஒரு சொல்லுக்காக மாதக்கணக்கில் இழுத்தடித்தார்கள். கடைசியில் 'மாணவர் போராட்டம்' என்றே டைப் செய்தேன். ஒவ்வொரு திருத்தத்தையும் நான்தான் டைப் செய்தேன். அதனால் சமூகவியலில் எனக்குப் பட்டம் கிடையாதே தவிர, அபிப்பிராயம் நிறைய உண்டு.

அவள் கேள்வி கேட்கிற விதமே தனி. 'ஏன் போராடினாய்?' என்று யாரையும் கேட்க மாட்டாள். அப்படிக் கேட்டால் பிள்ளைகள் மேடையில் ஏறினதுபோலப் பேச ஆரம்பித்துவிடுவார்களாம். 'உட்காரும்போது பையை எங்கே வைத்தாய்?' என்றுதான் கேட்பாள். பையை மடியில் வைத்துக்கொண்டவர்கள், போலீஸ் வந்தால் எழுந்து ஓடத் தயாராக வந்தவர்கள். முதுகிலேயே மாட்டியிருந்தவர்கள், பக்கத்தில் இருப்பவர் எழுந்தால் எழுவார்கள், இருந்தால் இருப்பார்கள். பையை நின்றுகொண்டிருக்கிற யாரிடமாவது கொடுத்துவிட்டு வெறுங்கையோடு உட்கார்ந்தவர்கள் எழுந்திருக்க மாட்டார்கள். அவர்கள் வேனில் ஏறுவது என்று முடிவு செய்துகொண்டே வந்தவர்கள்.

"இதுக்காடி டாக்டர் பட்டம் குடுக்கறாங்க?" என்று கேட்டேன்.

"நீ உக்காந்தா எங்க வெப்ப?" என்று திருப்பிக் கேட்டாள்.

"நான் எதுக்கு உக்காரப் போறேன்? எனக்குக் கடை கீழ விழுந்து கெடக்குதா?" என்றேன். அவள் சிரித்துவிட்டுப் போனாள்.

ஒரு வருடம் கல்லூரியில் புதிதாக ஒரு விதி போட்டார்கள். முதல் மணி அடித்ததும் கேட்டைப் பூட்டிவிடுவது, அதற்குப் பிறகு வருகிறவர்களுக்கு அன்று முழுக்க ஆப்சென்ட். வத்தல்மலையிலிருந்து இறங்கி வருகிற பஸ் மணி அடித்த பிறகுதான் வந்து சேரும். அது டிரைவர் குற்றமும் இல்லை, பிள்ளைகள் குற்றமும் இல்லை. காலையில் மலைக்கு அந்த ஒரு பஸ்தான். மலைப் பிள்ளைகள் தினமும் வந்து பூட்டின கேட்டைப் பார்த்துவிட்டு என் கடை நிழலில் உட்கார்ந்திருப்பார்கள். வருகைப் பதிவு குறைந்தது. இனிப் பரீட்சை எழுத விட மாட்டோம் என்று அறிவிப்பு ஒட்டினார்கள். பிள்ளைகள் மனு எழுதிக்கொண்டு போனார்கள். மனுவை வாங்குவதற்குக்கூட அந்தக் கேட்டைத் திறக்கவில்லை.

ஒரு திங்கட்கிழமை அதே பஸ் வந்து நின்றது. இறங்கினவர்களில் ஒரு பிள்ளை தன் பையைக் கழற்றி என் கடைப் பலகைமேல் வைத்தது. "பாத்துக்கங்கக்கா" என்று சொல்லிவிட்டு, அந்தப் பஸ்ஸுக்கு முன்னால் போய் நடுரோட்டில் உட்கார்ந்துவிட்டது. அந்தப் பிள்ளை யார் என்று எனக்குத் தெரியும். உங்களுக்குச் சொல்ல மாட்டேன். ஆணா பெண்ணா, மலைமேல் ஏறியதா வழியில் ஏறியதா, எதையும் சொல்ல மாட்டேன். இதைப் படிக்கிறவர்களில் நல்லவர்களும் இருப்பீர்கள், அது எனக்கும் தெரியும். இருந்தாலும் சொல்ல மாட்டேன்.

கொஞ்ச நேரத்தில் ரோடு நிறைந்துபோனது. உள்ளேயிருந்த பிள்ளைகளும் கேட் ஏறிக் குதித்து வந்து உட்கார்ந்தார்கள். கேத்தரின் என் கடை ஓரத்தில் நின்று எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"போய் உக்காரேன். உன் புள்ளைங்கதானே?" என்று சீண்டினேன்.

"ஆராய்ச்சி பண்றவ நிக்கணும்டி. உக்காந்தா முன்னாடி இருக்கறவங்க முதுகு மட்டுந்தான் தெரியும்" என்றாள்.

அன்றைக்குக் கால் கடுக்க நின்றாள். போலீஸ் வந்து பிள்ளைகளைத் தூக்கி வேனில் ஏற்றியபோதும் நின்றாள். அழுகிற குழந்தையைத் தூக்காமல், அது எப்படி அழுகிறது என்று பார்த்துக்கொண்டிருக்கிறவளைப் போல இருந்தாள். எனக்கு அவள்மேல் ஆத்திரம் ஆத்திரமாக வந்தது. நாலு நாள் அவளோடு நான் பேசவில்லை.

சாயங்காலமே எல்லோரையும் விட்டுவிட்டார்கள். அந்த வருடப் பரீட்சை முடியும் வரைக்கும் கேட் விதியையும் தளர்த்தினார்கள். ஆனால் தள்ளுமுள்ளில் பஸ்ஸின் முன்கண்ணாடி உடைந்திருந்தது. உடைத்தது யார் என்று யாருக்கும் தெரியாது. அடையாளம் தெரியாத மாணவர்கள்மேல் ஒரு வழக்கு ஸ்டேஷனில் தூங்கிக்கொண்டிருந்தது.

அடுத்த வருடம் கேத்தரின் அந்த மறியலைப் பற்றிக் கட்டுரை எழுதிச் சேலத்துக் கருத்தரங்கில் வாசித்தாள். அது புத்தகத்திலும் அச்சாகியது. கல்லூரி அவள் படத்தைப் போட்டு வாசலில் ஃப்ளெக்ஸ் வைத்தது. கட்டுரையில் என்ன இருக்கிறது என்று ஒருவரும் படிக்காமல் வைத்த ஃப்ளெக்ஸ் அது. கட்டுரையில் ஒருவர் பெயரும் உண்மைப் பெயர் இல்லை. யார் பெயரையும் யாரிடமும் சொல்ல மாட்டேன் என்று தன்னிடம் பேசிய ஒவ்வொரு பிள்ளைக்கும் அவள் வாக்குக் கொடுத்திருந்தாள்.

மாற்றுப் பெயர்களுக்கு அவள் எங்கே போனாள் தெரியுமா? தன் ஊர்க் கல்லறைத் தோட்டத்துக்கு. கல்லறைத் திருநாளன்று பூவும் மெழுகுவர்த்தியும் எடுத்துக்கொண்டு போனவள், அங்கே சிலுவைகளில் இருந்த பெயர்களை எடுத்துக்கொண்டு வந்தாள். "செத்தவங்கள யாரும் அரெஸ்ட் பண்ண முடியாதுல்ல?" என்றாள். எனக்கும் அது நல்ல யோசனையாகத்தான் பட்டது. பஸ்ஸுக்கு முன்னால் முதலில் உட்கார்ந்த அந்தப் பிள்ளைக்குக் கட்டுரையில் பிலவேந்திரன் என்று பெயர் வைத்தாள்.

அந்த ஊர்க்காரர்கள் செய்யவே கூடாத தவறு அது. அவர்கள் ஊரில் தாத்தா பெயரைப் பேரனுக்கு வைப்பார்கள். கல்லறையில் ஒரு பிலவேந்திரன் படுத்திருந்தால், வெளியே ஒரு பிலவேந்திரன் நடமாடிக்கொண்டிருப்பான். அவளுடைய சொந்தத் தம்பிக்கே தாத்தா பெயர்தான். சனங்கள் எப்படிப் பெயர் வைக்கிறார்கள் என்று வகுப்பில் கரும்பலகை நிறைய எழுதிப் போடுகிறவள், இதை மட்டும் யோசிக்காமல் விட்டுவிட்டாள்.

அந்தப் பேரன் அதே கல்லூரியில் பி.காம் கடைசி வருடம் படித்துக்கொண்டிருந்தான். குடும்பம் காரிமங்கலத்துக்குக் குடிபோய் வெகுநாள் ஆகியிருந்ததால் கேத்தரினுக்கு அவனைத் தெரியாது. அவன் மறியலில் உட்கார்ந்தவன் இல்லை. உட்காரவும் மாட்டான். அவனுக்குப் போலீஸாக வேண்டும். விடிகிற நேரத்தில் மைதானத்தில் ஓடுவான், கயிறு ஏறுவான், பகலில் என் கடைக்கு வந்து பழைய கேள்வித்தாள்களை ஜெராக்ஸ் எடுப்பான். எழுத்துத் தேர்விலும் ஓட்டத்திலும் தேறி, வீட்டுக்கு விசாரணைக்கு வருவார்கள் என்று காத்துக்கொண்டிருந்தான். ஏதாவது ஒரு வழக்கில் பெயர் வந்துவிட்டால் எல்லாம் அதோடு சரி.

புதுக் கல்வியாண்டு தொடங்கியதும் கேட்டை மறுபடியும் பூட்ட ஆரம்பித்தார்கள். பிள்ளைகள் மறுபடியும் முணுமுணுத்தார்கள். கல்லூரியின் கரஸ்பாண்டென்ட் நவநீதனுக்கு, எல்லோரையும் அடக்கி வைக்க யாராவது ஒருவனைப் பிடித்துக் காட்ட வேண்டியிருந்தது. யாரோ போய், போன வருடம் முதலில் உட்கார்ந்தது யார் என்று கேத்தரின் மேடம் கட்டுரையிலேயே இருக்கிறது என்று ஓதியிருக்கிறார்கள். நவநீதன் புத்தகத்தை வரவழைத்துப் பார்த்தார். பிலவேந்திரன் என்று இருந்தது. கல்லூரி முழுக்கத் தேடினால் பிலவேந்திரன் ஒருவன்தான். அன்றைக்கே அவனை சஸ்பெண்ட் செய்து, பெயரை ஸ்டேஷனுக்கு அனுப்பப் போகிறோம் என்று சொல்லி வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள்.

மறுநாள் காலையில் அவன் அம்மா ராஜமேரி மகனையும் இழுத்துக்கொண்டு என் கடைக்கு வந்து நின்றார். கேத்தரினும் அப்போது கடையில்தான் இருந்தாள். கல்லறைத் தோட்டத்தில் அவள் பெயர்களைக் குறித்துக்கொண்டதைப் பார்த்த ஊர்க்காரர்கள் யாரோ ராஜமேரியிடம் சொல்லியிருக்கிறார்கள்.

"நீங்கதானுங்களா அந்த டீச்சரம்மா?" என்றார் ராஜமேரி. "எங்க மாமனாரு நிம்மதியாத் தூங்கட்டும்னுதானுங்க மண்ணுல போட்டோம். அவரு பேரப் புடுங்கியாந்து ரோட்டுல உக்கார வெச்சிட்டீங்களே. எம் புள்ள உங்களுக்கு என்னாங்க பாவம் பண்ணான்?"

கேத்தரின் எழுந்து நின்றாள். "தப்பு என்னுதுதாங்க. நான் யோசிச்சிருக்கணும். மன்னிச்சிக்கங்க. நான் சரி பண்றேன்" என்றாள்.

"மன்னிச்சிட்டா வேல குடுத்துருவாங்களா?"

அதுவரை சுவரைப் பார்த்துக்கொண்டிருந்த பையன் திரும்பினான். "மறியல் பண்றவங்களத் தூக்கற வேலைக்குப் போறவன் மேடம் நான். என்னையே மறியல்காரனாக்கிட்டீங்க" என்றான். வேறு நேரமாக இருந்தால் எனக்குச் சிரிப்பு வந்திருக்கும். அவன் கண் கலங்கியிருந்தது.

கேத்தரின் நேராக ஊருக்குப் போனாள். பெரிய பிலவேந்திரனின் சிலுவையைப் போட்டோ எடுத்துக்கொண்டு வந்து மத்தியானம் நவநீதன் மேசைமேல் போனை வைத்தாள். உள்ளே நடந்ததை அவளே வந்து எனக்குச் சொன்னாள்.

"பேர மாத்தறவங்க எங்க காலேஜ்ல படிக்கற பையன் பேரையா வெப்பாங்க?" என்று நவநீதன் கேட்டிருக்கிறார். நியாயமான கேள்விதான், அதை நான் மறுக்க மாட்டேன்.

"இது அவங்க தாத்தாங்க. பாருங்க, செத்த வருசமும் எழுதியிருக்குது. அந்தப் பையன் அன்னைக்கு ரோட்டுலயே இல்லைங்க."

நவநீதன் போட்டோவைப் பார்த்தார். "சரிங்க மேடம், நம்பறேன். அப்ப நிஜப் பேரச் சொல்லிடுங்க. இந்தப் பையன விட்டுடறோம்."

"சொல்ல மாட்டேங்க."

"ஏன்?"

"சொல்ல மாட்டேன்னு வாக்குக் குடுத்துத்தாங்க அவங்களப் பேச வெச்சேன்."

"உங்க ஊருப் பையன் மேடம். உங்க சனம். அவன் வாழ்க்க போனாப் பரவால்லீங்களா?"

"ரெண்டு பேரும் போக மாட்டாங்க."

"நாளைக்குச் சாயந்தரம் ஸ்டேஷனுக்கு ஒரு பேரு போயே ஆகும்" என்றாராம் நவநீதன். "எந்தப் பேருங்கறத நீங்க முடிவு பண்ணிக்கங்க. அடுத்த வருசம் நீங்க இங்க வேலைல இருக்கணுமாங்கறதையும் சேத்து முடிவு பண்ணிக்கங்க."

இதைக் கேட்டதும் எனக்குத் தாங்கவில்லை. நவநீதனை நாலு வார்த்தை திட்டினேன். அப்புறம் இவளையும் திட்டினேன். "உக்காந்தது அந்தப் புள்ளதான். அது உண்மைதானே? உண்மையச் சொல்றதுல உனக்கு என்னாடி வந்துச்சு? எதுவும் பண்ணாத ஒருத்தன் அதுக்குப் பதிலா நாசமாப் போகணுமா?" என்று கத்தினேன்.

"ஒருத்தர் போகணும்னு யாரு சொன்னா?" என்றாள்.

"அவரு சொல்றாரே."

"அவரு சொன்னா? பரீட்ச எழுத விடுங்கன்னு கேட்டதுக்கு ஒரு புள்ளையப் பலி குடுக்கணுமாம். எந்தப் புள்ளைன்னு நான் பொறுக்கி எடுத்துக் குடுக்கணுமாம். அதச் செய்யறதுக்கா இத்தன வருசம் படிச்சேன்?"

நாங்கள் பேசிக்கொண்டிருக்கும்போதே அந்தப் பிள்ளை கடைக்கு வந்தது. விஷயம் தெரிந்துதான் வந்திருந்தது. "நானே போயிச் சொல்லிடறேன் மேடம். என்னால இன்னொருத்தன் மாட்டக் கூடாது" என்றது. அந்தப் பிள்ளையின் வீட்டில் படிப்பை நிறுத்தக் காரணம் தேடிக்கொண்டிருந்தார்கள் என்பது எங்கள் இருவருக்கும் தெரியும். சற்று முன்னால் அந்தப் பெயரைச் சொல்லிவிடு என்று கத்தின வாய் இதே வாய்தான்.

"சொல்றதும் சொல்லாததும் உன் இஷ்டம்பா" என்றாள் கேத்தரின். "ஆனா நாளைக்குக் காலைல வரைக்கும் பொறு. நான் ஒன்னு பண்ணிப் பாக்கறேன்." என்ன செய்யப் போகிறாய் என்று நான் கேட்பதற்குள் ஸ்கூட்டியை எடுத்துக்கொண்டு போய்விட்டாள்.

மறுநாள் காலையில் ஸ்கூட்டியைக் கொண்டுவந்து என் கடை ஓரத்தில் நிறுத்தினாள். உள்ளே போய்க் கையெழுத்துப் போடவில்லை. நவநீதனின் கார் வருகிற நேரம். தோளில் மாட்டியிருந்த பையைக் கழற்றி என் கையில் கொடுத்தாள். "பாத்துக்கோ" என்றாள்.

அவள் ஆய்வேடு முழுவதையும் டைப் செய்தவள் நான். பையைக் கொடுத்தால் என்ன அர்த்தம் என்று எனக்கு யாரும் சொல்ல வேண்டியதில்லை. "ஏய், வேணாம்டி" என்று சொல்வதற்குள் நடந்துபோய், கேட்டுக்கு முன்னால் ரோட்டில் சம்மணம் போட்டு உட்கார்ந்துவிட்டாள். கஞ்சி போட்ட காட்டன் புடவை. தன்னந்தனியாக.

நவநீதனின் கார் அவளுக்கு முன்னால் வந்து நின்றது. ஹாரன் அடித்தார்கள். அவள் அசையவில்லை. நவநீதன் இறங்கி வந்தார்.

"என்னாங்க மேடம் இது? நீங்க டீச்சர்."

"பேரு வேணும்னீங்களே, எழுதிக்கங்க" என்றாள் கேத்தரின். ரோடு முழுக்கக் கேட்கிற குரலில் சொன்னாள். "கேத்தரின். தகப்பனார் பேரு சவுரியப்பன். ஊரு நல்லம்பள்ளிப் பக்கம்."

"நீங்க அன்னைக்கு உக்காரலயே. அந்தப் பக்கம் நின்னுட்டுத்தானே இருந்தீங்க? உங்க கட்டுரைலயே இருக்குது."

"அன்னைக்கு நின்னேங்க. அது என் தப்பு. இன்னைக்கு உக்காந்துட்டேன். அன்னைக்கு நின்னதுக்கும் சேத்து எழுதிக்கங்க."

நவநீதன் போனை எடுத்துக்கொண்டு காருக்குள் போய் உட்கார்ந்தார். அந்த நேரம் பார்த்து வத்தல்மலை பஸ் வந்தது. இறங்கிய பிள்ளைகள் பூட்டின கேட்டைப் பார்த்தார்கள், ரோட்டில் உட்கார்ந்திருக்கும் தங்கள் மேடத்தைப் பார்த்தார்கள். ஒவ்வொருவராக வந்து அவளுக்குப் பின்னால் உட்கார்ந்தார்கள். அவர்களில் அந்தப் பிள்ளையும் இருந்தது. எந்த வரிசையில் என்று கேட்காதீர்கள். காரிமங்கலம் பஸ்ஸில் மகனோடு வந்து இறங்கிய ராஜமேரி, கேத்தரினைக் கொஞ்ச நேரம் முறைத்துப் பார்த்துக்கொண்டு நின்றார். பிறகு புடவையை இழுத்துச் செருகிக்கொண்டு அவள் பக்கத்திலேயே போய் உட்கார்ந்தார். மஞ்சப்பையை மடியில் இறுக்கிப் பிடித்திருந்தார். அதைப் பார்த்துக் கேத்தரின் உதட்டைக் கடித்துச் சிரிப்பை அடக்கினாள்.

எனக்குக் கடையில் இருப்புக் கொள்ளவில்லை. அன்று பார்த்து ஏகப்பட்ட பிராஜெக்ட் பைண்டிங் கிடந்தது. வீட்டுக்காரர் ஆசிமுக்குத் தெரிந்தால் என்ன சொல்வார் என்று ஒரு பக்கம் யோசனை. எட்டாம் வகுப்பிலிருந்து இவளால் எனக்கு எத்தனை தொல்லை என்று மனதுக்குள் திட்டிக்கொண்டே ஷட்டரை இறக்கினேன். பிறகுதான் கையில் அவள் பை இருப்பது ஞாபகம் வந்தது. என் பையும் தோளில் தொங்கிக்கொண்டிருந்தது.

பையன் பிலவேந்திரன் ரோட்டோரத்தில் விறைப்பாக நின்றுகொண்டிருந்தான். உட்கார்ந்தால் அவன் வேலை போச்சு. அது அங்கே இருந்த எல்லோருக்கும் தெரியும், யாரும் அவனை வா என்று கூப்பிடவில்லை. என்னையும் என் கையிலிருந்த பைகளையும் பார்த்தான்.

"நான் உக்கார முடியாதுங்கக்கா" என்றான். "பையக் குடுங்க. நான் பாத்துக்கறேன்."

இரண்டு பைகளையும் அவனிடம் கொடுத்துவிட்டுப் போய் உட்கார்ந்தேன். தார் ரோடு அந்த வேளைக்கே சுட்டது. திரும்பிப் பார்த்தால், பின் வரிசைப் பிள்ளைகளும் ஒவ்வொருவராகப் பையைக் கழற்றி அவனிடம் கொடுத்துக்கொண்டிருந்தார்கள். அவன் எல்லாவற்றையும் வாங்கி என் கடைச் சுவரோரம் வரிசையாக அடுக்கினான். ராஜமேரியும் மஞ்சப்பையைத் தலைக்கு மேலே தூக்கி, "டேய், இதையும் வாங்கிக்கடா" என்றார். எனக்கு அழுகை வந்துவிட்டது. வெயிலுக்குக் கண் கூசுகிறது என்று சொல்லித் துடைத்துக்கொண்டேன்.

மத்தியானத்துக்குள் போலீஸ் வந்தது, பெற்றவர்கள் வந்தார்கள், பத்திரிகைக்காரர் ஒருவரும் வந்தார். கேத்தரின் கல்லறைப் போட்டோவை அவரிடம் காட்டினாள். செத்துப்போனவர் பெயரை வைத்தா ஒரு பையனை சஸ்பெண்ட் செய்தீர்கள் என்று அவர் நவநீதனிடம் கேட்டபோது கூட்டமே சிரித்தது. இன்ஸ்பெக்டரும் வேறு பக்கம் திரும்பிக்கொண்டார். நவநீதனுக்கு அந்தச் சிரிப்புத்தான் பொறுக்கவில்லை. பையன்மேல் எந்தப் புகாரும் இல்லை என்று கைப்பட எழுதிக் கொடுத்தார். மலை பஸ் வரும் வரைக்கும் கேட் திறந்திருக்கும் என்றும் எழுத வைத்தோம். கேத்தரின் அந்தத் தாளை ராஜமேரி கையில் கொடுத்து, படித்துக் காட்டி, அப்புறம்தான் எழுந்தாள். உட்கார்ந்திருந்த காலில் உணர்வே இல்லாமல் என் தோளைப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

அடுத்த வருடம் அவளுக்கு வேலை இல்லை. தேவைப்படவில்லை என்று ஒரு வரியில் சொல்லிவிட்டார்கள். ஃப்ளெக்ஸை அதற்கு முன்பே கழற்றிவிட்டார்கள். இப்போது என் கடை மூலையில் ஒரு மேசை போட்டு உட்கார்ந்திருக்கிறாள். போட்டித் தேர்வுக்குப் பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுக்கிறாள், மீதி நேரத்தில் என் பைண்டிங் சரியில்லை என்று குறை சொல்கிறாள். பட்டம் வாங்கிவிட்டாள். வாய்மொழித் தேர்வில், ஆராய்ச்சி செய்கிறவர் தானே போய் ரோட்டில் உட்காரலாமா என்று கேட்டிருக்கிறார்கள். "பையப் பத்தி நான் எழுதினது நெசந்தானான்னு உக்காந்து பாத்துக்கிட்டேங்க" என்று சொல்லியிருக்கிறாள்.

பிலவேந்திரனுக்கு வேலை கிடைத்தது. பயிற்சிக்கு நடுவே லீவில் வந்தவன், ஒட்ட வெட்டிய தலையோடு கடைக்கு வந்தான். அம்மா கொடுத்தனுப்பிய முறுக்கைக் கேத்தரின் மேசைமேல் வைத்துவிட்டு உட்கார்ந்தான். டீ வந்தது.

"மேடம், எனக்காச்சும் சொல்லுங்க. அன்னைக்கு மொதல்ல உக்காந்தது யாரு?"

"சொல்ல மாட்டேன்பா."

"அந்தப் பேரால நானும் எங்க அம்மாவும் பட்டது உங்களுக்குத் தெரியும். எனக்குக் கேக்கறதுக்கு உரிமை இருக்குதுல்லங்க?"

"இருக்குது. இருந்தாலும் சொல்ல மாட்டேன்."

அவனுக்குக் கோபம் வரும் என்று நினைத்தேன். அவன் டீயைக் குடித்து முடித்து, கிளாஸை ஓரமாக வைத்தான்.

"ஒருவேள நான்தான் உக்காந்திருந்தேன்னு வெச்சிக்கங்க. அப்பவும் சொல்லியிருக்க மாட்டீங்க, இல்லீங்களா?"

"சொல்லியிருக்க மாட்டேன்" என்றாள் கேத்தரின்.

அவன் தலையை ஆட்டினான். எழுந்து, தொப்பியில்லாத தலையோடு அவளுக்கு ஒரு சல்யூட் அடித்தான். போகிற வழியில், தரையில் கிடந்த ஒரு மாணவியின் பையை எடுத்து என் பலகைமேல் வைத்துவிட்டுப் போனான்.